விளம்பரப் படமும் வெண்திரையும்: எலைஜா வுட்டின் இளமைப் பருவம்

அமெரிக்கத் திரைப்பட நடிகருள் எலைஜா வுட் என்பாரது பெயரைக் கேட்ட அளவில், சங்கிலியிற் கோத்த மோதிரத்தைக் கழுத்திற் சுமந்து எரிமலை நோக்கி நடந்த குறுமனிதனது உருவமே பலர் உள்ளத்தில் தோன்றும். அவ்வேடத்திற்கு அவர் தேர்ந்தெடுக்கப்பெற்றபோது அவருக்கு அகவை பதினெட்டு. எனினும், அதற்கு முன்னரே பத்தாண்டுக் காலம் படப்பெட்டியின் முன் நின்று பழகியவர் அவர். அப்பத்தாண்டின் வரலாறே ஈண்டு யாம் ஆராயப் புகுந்த பொருள். புகழ்பெற்றார் ஒருவரைப் பின்னும் புகழ்வது எம் கருத்தன்று. குழந்தையொன்று தன் முகத்தால் பொருளீட்டத் தொடங்குமாயின் அதனைக் காப்பது யாது என்னும் வினாவிற்கு, அவரது இளமை வேறெவரது வாழ்க்கையினும் தெளிவாக விடை கூறுதலின் அதனைத் தேர்ந்துகொண்டோம்.

எலைஜா 1981-ஆம் ஆண்டு ஜனவரித் திங்கள் 28-ஆம் நாள், ஐயோவா மாகாணத்து ஸீடார் ராபிட்ஸ் என்னும் நகரிற் பிறந்தார். ஓட்ஸ் தானியம் அரைக்கும் பேராலையொன்றால் பெயர் பெற்றது அந்நகர். திரைப்படத்திற்கும் அதற்கும் யாதொரு தொடர்பும் இல்லை. பெற்றோர் ரொட்டி, பாலாடைக்கட்டி, சமைத்த இறைச்சி முதலியன விற்கும் உணவுக்கடை நடத்தி வந்தனர். மக்கள் மூவருள் எலைஜா நடுப்பிள்ளை. ஓரிடத்தில் அமர்ந்திராத துறுதுறுப்புடைய அச்சிறுவனை ஏதேனும் ஒரு துறையில் ஈடுபடுத்தல் நலம் எனக் கருதிய தாயார், அவனுக்கு ஏழு வயதளவில் உள்ளூரிலிருந்த விளம்பர மாடற் பயிற்சிப் பள்ளியொன்றிற் சேர்த்தார். 1989-ஆம் ஆண்டு லாஸ் ஏஞ்சலிஸ் நகரில் மாடல்களுக்கும் இளநடிகர்களுக்குமென நடைபெற்ற மாநாட்டிற்கு அழைத்தும் சென்றார். இத்தகைய மாநாடுகளில் சிறுவர் சிறுமியர் முகவர்களின் முன் நடந்து காட்டியும் சில சொற்கள் பேசிக் காட்டியும் செல்வர்; முகவர்கள் தமக்கு வேண்டியவரைப் பொறுக்கிக்கொள்வர். சந்தையோ என்று ஐயுறத் தோன்றுகின்றது, ஒருவகையில் சந்தையேதான். எலைஜா பொறுக்கப்பட்டார். தாயார் மக்களுடன் மேற்குக் கடற்கரைக்குக் குடிபெயர்ந்தார்.

மாடல் தொழில் குழந்தைக்கு எதனைக் கற்பிக்கின்றது என்பதை இவ்விடத்தில் நோக்குதல் வேண்டும். விளம்பரப் படத்திற்கு நிற்கும் குழந்தை ஒரு பொருளுக்காக நிற்கின்றது. சட்டையை விற்பதாயின் அதன் அளவு சட்டையின் அளவோடு பொருந்துதல் வேண்டும். பொருந்தாதாயின் வேறொரு குழந்தை அழைக்கப்படும். விளக்கின் வெப்பத்தையும் அந்நியர் கூட்டத்தையும் பொறுத்து நிற்கவும், சொன்னவுடன் திரும்பவும், கேட்டவுடன் நகைக்கவும் அது பழகுகின்றது. இவை பயனற்ற பயிற்சிகள் அல்ல. படப்பெட்டியைக் கண்டு அஞ்சாமை நடிகனுக்கு முதல் தேவை. ஆயினும் அந்நகை உள்ளத்தினின்று எழுந்த நகையன்று. உள்ளத்து நிகழ்வது உடலில் தானே புலப்படுதலை நம் இலக்கண நூலார் மெய்ப்பாடு என்றனர். விளம்பரப் படம் மெய்யை மட்டும் கேட்கின்றது. பாடு அதற்கு வேண்டுவதில்லை.

முகம் வேறு, அதனை உடையவர் வேறு என்பதற்கு அந்நாட்டிலேயே ஒரு சுவையான சான்று உளது. ஜெர்பர் என்னும் குழந்தையுணவுக் கம்பெனியின் புட்டிகளில் இன்றும் காணப்படும் கரிக்கோல் ஓவியம், ஆன் டர்னர் குக் என்பாரைக் குழந்தையாக இருந்தபோது வரைந்தது. 1928-ஆம் ஆண்டில் அக்கம்பெனிக்கு அளிக்கப்பெற்ற அவ்வோவியம் 1931-இல் வணிகக் குறியாயிற்று. ஓவியக் குழந்தை ஒருநாளும் வளரவில்லை. உயிர்க்குழந்தையோ வளர்ந்து, ஆங்கில இலக்கியம் கற்பிக்கும் ஆசிரியையாகிப் பல்லாண்டு பணிபுரிந்து, 2022-இல் தமது 95-ஆம் வயதிற் காலமானார். அவரிடம் பயின்ற மாணவர்கள் அவரது பழைய முகத்தை நாள்தோறும் கடைகளிற் கண்டிருப்பர் அல்லரோ!

நிற்க. லாஸ் ஏஞ்சலிஸ் வந்த எலைஜாவிற்கு முதலிற் கிடைத்தவை மிகச் சிறியவை. பாலா அப்துல் என்னும் பாடகியின் பாடற்படம் ஒன்றில் தோன்றினார். 1989-இல் வெளிவந்த ‘பேக் டு தி ஃப்யூச்சர்’ இரண்டாம் பாகத்தில், எதிர்காலத்துச் சிற்றுண்டிச்சாலையொன்றில் பழைய விளையாட்டுப் பொறியைக் கண்டு ஏளனஞ் செய்யும் சிறுவர் இருவருள் ஒருவராக வந்தார். அப்பாத்திரத்திற்குப் பெயர்கூட இல்லை.

அடுத்த ஆண்டு வந்த ‘ஏவலான்’ என்னும் படமே அவரை நடிகராக்கியது. பாரி லெவின்ஸன் இயற்றி இயக்கிய இப்படம், பால்டிமோர் நகரிற் குடியேறிய யூதக் குடும்பம் ஒன்றின் கதை. 1914-ஆம் ஆண்டு ஜூலை 4-ஆம் நாள், விடுதலை விழாவின் வாணவேடிக்கை வானில் ஒளிவிட, தாம் அந்நகரில் வந்திறங்கிய கதையைப் பாட்டனார் பேரக்குழந்தைகளுக்குத் திரும்பத் திரும்பச் சொல்கின்றார். வீட்டிற்குத் தொலைக்காட்சிப் பெட்டி வந்த பின்னர் அக்கதையைக் கேட்பார் குறைகின்றனர். ஒன்றாயிருந்த குடும்பமும் சிதறுகின்றது. பேரன் மைக்கேலாக நடித்தவர் எலைஜா. அச்சிறுவனுக்குப் பெரும்பாலும் வேலை, பிறர் பேசுவதைக் கேட்டலே. பேசுதற்கு வசனம் உள்ளவன் வசனத்தின் பின் மறைந்துகொள்ளலாம். கேட்பவனுக்கு மறைவிடம் இல்லை. குடும்பத்தாரின் கடை தீப்பற்றியபோது, தன் விளையாட்டே காரணம் என்று தவறாக எண்ணிய மைக்கேல் அக்குற்றத்தைச் சுமந்து நிற்குங் காட்சியில், அகன்ற நீல விழிகள் இரண்டும் அஞ்சி நிலைத்திருப்பதே நடிப்பு முழுதும். ஐயோவாவில் அவரைத் தேர்ந்தவர்கள் கண்டதும் அவ்விழிகளைத்தான். ஆங்கு அவை காட்சிப் பொருள். ஈண்டு அவை மற்றொருவரைக் காணும் விழிகள். விளம்பரப் படத்திற்கும் வெண்திரைக்கும் உள்ள வேற்றுமை இதுவே என்று யாம் துணிகின்றோம்.

இதன்பின் ஆண்டுதோறும் படங்கள் வந்தன. 1991-இல் ‘பாரடைஸ்’, 1992-இல் ‘ரேடியோ ஃப்ளையர்’, ‘ஃபாரெவர் யங்’, 1993-இல் மார்க் ட்வெயினின் ஹக் ஃபின் வேடம் எனத் தொடர்ந்தன. அதே 1993-இல் ‘தி குட் ஸன்’ என்னும் படத்தில் மெக்காலே கல்கின் என்பாருடன் நடித்தார். ‘ஹோம் அலோன்’ என்னும் 1990-ஆம் ஆண்டுப் படத்தால் உலகமறிந்த சிறுவராய் விளங்கியவர் கல்கின். இருவர்க்கும் வயது ஏறக்குறைய ஒன்றே, தொழிலும் ஒன்றே. ஆயினும், கல்கின் 1994-க்குப் பின் நடிப்பினின்று விலகினார். 1995-இல் பெற்றோர் பிரிந்து, பிள்ளைகள் பொறுப்புக் குறித்து நீதிமன்றம் ஏறினர். 2003-இல்தான் அவர் மீண்டும் திரைப்படத்தில் தோன்றினார். எலைஜாவின் வழி இடையறவில்லை. திறமையின் ஏற்றத்தாழ்வே இதற்குக் காரணம் என்று கூறுவார் உளராயின், அவர் அப்படத்தை ஒருமுறை காண்பாராக. காரணம் வீட்டில் உள்ளது, சட்டத்திலும் உள்ளது.

சட்டத்தை முதலிற் காண்போம். கலிபோர்னியாவில் குழந்தை நடிகர் எவ்வளவு நேரம் வேலை செய்யலாம் என்பது நிமிடக் கணக்கில் வரையறுக்கப்பட்டுள்ளது. பிறந்து பதினைந்து நாள் முதல் ஆறு திங்கள் வரையுள்ள சிசு, நாளொன்றுக்கு 20 நிமிடங்களே படப்பெட்டியின் முன் இருக்கலாம். ஆறு முதல் ஒன்பது வயதிற்குட்பட்ட குழந்தை, பள்ளி நடைபெறும் நாட்களில் 4 மணி வேலை, 3 மணி பாடம், 1 மணி ஓய்வு என்று பிரித்துக்கொள்ளல் வேண்டும். ஒன்பது வயதிற்குமேல் வேலை 5 மணியாகும். படப்பிடிப்பு நிலையத்தில் இதற்கென ஓர் ஆசிரியர் இருத்தல் கட்டாயம். அவர் பாடஞ் சொல்வதோடு நில்லாமல் குழந்தையின் உடல்நலம், பாதுகாப்பு இவற்றிற்கும் பொறுப்பாளர். தீங்கு நேருமென்று கண்டால் குழந்தையை அவ்விடத்தினின்று அகற்றும் உரிமையும் அவர்க்குண்டு. ஆசிரியத் தொழிலுக்கு இத்துணை அதிகாரம் அளித்த சட்டம் வேறெங்கேனும் உளதோ, அறியோம்!

உழைப்பின் நேரத்தை இவ்வளவு நுணுக்கமாகக் காத்த சட்டம், உழைப்பின் ஊதியத்தை அவ்வாறு காக்கவில்லை. இதற்கு ஜாக்கி கூகனின் துயரக் கதை சான்று. 1921-இல் சாப்ளினுடன் ‘தி கிட்’ என்னும் மௌனப் படத்தில் நடித்து உலகை உருக்கிய சிறுவர் அவர். அவர் முகம் பொம்மைகளையும் கடலை வெண்ணெய்ப் புட்டிகளையும் விற்றது. குழந்தைப் பருவத்தில் அவர் ஈட்டியது முப்பது, நாற்பது லட்சம் டாலர் எனக் கணக்கிடுவர். 1935-இல் தந்தையார் மோட்டார் விபத்தில் இறந்தார். அவ்வாண்டிலேயே இருபத்தொரு வயது நிரம்பிய கூகன் தம் பொருளைக் கேட்டபோது, தாயாரும் அவரை மறுமணம் புரிந்தவரும் தர மறுத்தனர். பிள்ளையின் சம்பாத்தியம் பெற்றோரைச் சேரும் என்பதே அன்றைய சட்டம். 1938-இல் வழக்குத் தொடர்ந்து, இறுதியில் அவர் பெற்றது ஏறக்குறைய 1,26,000 டாலர் மட்டுமே. இதனைக் கண்டு மக்கள் கொதிப்படைந்ததன் பயனாக 1939-இல் கூகன் பெயரால் ஒரு சட்டம் பிறந்தது.

இச்சட்டத்தால் குறை தீர்ந்தது என்றே பலரும் எழுதுகின்றனர். தீரவில்லை. நீதிமன்றம் ஒப்புதல் அளித்த ஒப்பந்தங்களுக்கு மட்டுமே அச்சட்டம் பொருந்திற்று. படத்திற்குப் படம் தனித்தனியே செய்துகொள்ளும் ஒப்பந்தங்கள் பெரும்பாலும் அதன் வலையில் அகப்படவில்லை. ஈட்டிய பொருள் பிள்ளைக்கே உரியது என்றும், அதில் நூற்றுக்குப் பதினைந்து பங்கு தனிக் கணக்கிற் பூட்டி வைக்கப்பட வேண்டும் என்றும் கலிபோர்னியச் சட்டம் தெளிவாகக் கூறியது 2000-ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாளிலிருந்தே. எலைஜாவிற்குப் பதினெட்டு வயது நிரம்பியது 1999 ஜனவரியில். எனவே, அவரது குழந்தைப் பருவத்து உழைப்பு முழுவதும் ஓட்டையுள்ள பழைய சட்டத்தின் கீழ் நிகழ்ந்ததாகும்.

ஆகவே எஞ்சியவர் தாயாரே. திரையுலகத்தாரின் விருந்துகளுக்குத் தம்மை அனுப்பாது தாயார் காத்தார் என்றும், நடிப்பில் வெற்றி பெறுவதினும் தாம் நல்ல மனிதராய் வளர்தலிலேயே அவர் கருத்துச் செலுத்தினார் என்றும் எலைஜா பிற்காலத்திற் பலமுறை கூறியுள்ளார். இஃது அவர் பெற்ற பேறு. ஆயினும் பேற்றை நம்பி ஒரு தொழிலை நடத்தலாமோ? கூகனுக்கும் தாயார் இருந்தார்.

பதினான்கு முதல் பதினெட்டு வரையுள்ள பருவம் குழந்தை நடிகர்க்குக் கொடியது. குரல் உடைகின்றது, கை கால் நீள்கின்றன, மக்கள் விரும்பிய முகம் மறைகின்றது. பலர் இவ்விடத்தில் நின்றுவிடுவர். எலைஜா 1996-இல் ‘ஃப்ளிப்பர்’ என்னும் டால்ஃபின் படத்தில் நடித்தார். அதைப்பற்றிப் பேசுதற்கு மிகுதியில்லை. மறுஆண்டு ஆங் லீ இயக்கிய ‘தி ஐஸ் ஸ்டார்ம்’ படத்தில், தன் உலகைத் தானே அறியாத, பாதி உறங்குவான் போன்ற இளைஞனாக வந்தார். இனிய முகத்தை விற்காத வேடம் அது. அவ்வகையில் அவர் ஏற்ற துணிவான வேடம் அதுவே எனலாம்.

பின்னர் ‘லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ கதையைப் படமாக்க முனைந்த பீட்டர் ஜாக்ஸன், ஃப்ரோடோ வேடத்திற்கு ஆங்கிலேயர் ஒருவரையே நாடினார். வழக்கமான தேர்வறையை விரும்பாத எலைஜா, வேடத்திற்கேற்ற உடையொன்றை அமர்த்திக்கொண்டு, நண்பர் சிலர் துணையுடன் மரஞ்செறிந்த ஓரிடம் சென்று, தம் நடிப்பைத் தாமே படமெடுத்து அனுப்பினார். ஏழு வயதில் அவரைப் பிறர் நிறுத்திப் படமெடுத்தனர். பதினெட்டில் எங்கே நிற்பது, எதனைக் காட்டுவது என்பதைத் தாமே தீர்மானித்தார். படப்பிடிப்பு 1999 அக்டோபர் 11-இல் நியூஸிலாந்தில் தொடங்கி 2000 டிசம்பர் 22 வரை நடந்தது. மூன்றாம் பாகம் 2004-இல் பதினொரு ஆஸ்கார் பரிசுகளைப் பெற்றது யாவரும் அறிந்ததே.

எலைஜா தொடங்கிய இடத்திலேயே நின்றுவிட்ட குழந்தைகள் பலர். திரைக்குச் செல்லாது விளம்பரப் படங்களோடும் உடைக்காட்சி மேடையோடும் அமைந்துவிட்டவர் அவர். அத்தொழிலின் தலைநகரான நியூயார்க்கில், நடிகச் சிறுவர்க்கு 2004 முதல் நடைமுறையில் இருந்த கல்வி, சேமிப்பு விதிகள் மாடற் சிறுவரைச் சேரவில்லை. 2013-ஆம் ஆண்டு நவம்பரிலிருந்துதான், பதினெட்டு வயது நிரம்பாத மாடல்களும் அவ்விதிகளின் கீழ்க் கொண்டுவரப்பட்டனர். இன்றோ முகவரும் வேண்டா, மாநாடும் வேண்டா. பெற்றோரே வீட்டிலிருந்து குழந்தையைப் படமெடுத்து இணையத்தில் இட்டுப் பொருளீட்டுகின்றனர். இவ்வகைக் குழந்தைகட்கு அமெரிக்க மாகாணங்களுள் முதன்முதற் சட்டம் இயற்றியது, ஐயோவாவின் கிழக்கெல்லையை அடுத்த இல்லினாய் மாகாணம். 2024 ஜூலை முதல் நாளிலிருந்து அங்கு நடைமுறைக்கு வந்த அச்சட்டப்படி, பெற்றோர் குழந்தையின் பங்கை ஒதுக்கி வைத்தல் வேண்டும். வையாராயின், பதினெட்டு வயது நிரம்பியபின் அப்பிள்ளை அவர்கள்மீது வழக்குத் தொடரலாம்.