பொங்காலைக்குப் போறீங்களா? அக்காவோட வாட்ஸ்அப் டிப்ஸ்!

ஆற்றுக்கால் கோயில்ல பெண்கள் பொங்கல் வைக்கிற பொங்காலை அன்னிக்கு திருவனந்தபுரத்துல அடுப்பு மூட்டக்கூட இடம் கிடைச்சிடும். போன் லைன் கிடைக்கிறதுதான் பெரும்பாடு. 2009-ல 25 லட்சம் பெண்கள் கூடினதா கின்னஸ்ல பதிவான கூட்டமாச்சே! நாகர்கோவில், மார்த்தாண்டம் பக்கமிருந்து ரயிலேறி வர்ற தங்கச்சிங்களே, இதைப் படிச்சிட்டுக் கிளம்புங்க.

1. போன் கால் போகலையா, எழுதுங்க: பேசி முடிக்கிற வரைக்கும் லைன் அறுந்துபோகாம இருக்கணும். நாலு வரி மெசேஜுக்கு நொடி நேரம் நெட் கிடைச்சாலே போதும், போயிடும். போட்டோ, வீடியோவை ஊருக்குத் திரும்பினப்புறம் அனுப்பிக்கலாம்.

2. டிக்கைப் பார்த்துப் பதறாதீங்க: கடிகாரப் படம் தெரிஞ்சா மெசேஜ் இன்னும் உங்க போனை விட்டே கிளம்பலை. ஒரு டிக்னா வாட்ஸ்அப் சர்வருக்குப் போயாச்சு, அவங்க போனுக்குப் போகலை. தபாலாபீஸ்ல கிடக்கிற கடுதாசி மாதிரி 30 நாள் வரைக்கும் அங்கே காத்திருக்கும். அதனால அதையே பத்து தடவை அனுப்ப வேண்டாம். ரெண்டு டிக்னா போய்ச் சேர்ந்தாச்சு. நீலமானா பார்த்துட்டாங்க. நீல டிக் வராதபடி ஆஃப் பண்ணி வச்சிருக்கவங்களும் உண்டு; அதுக்காகக் கோவிச்சுக்காதீங்க.

3. லொக்கேஷனோட அடையாளமும் சொல்லுங்க: லைவ் லொக்கேஷனை 15 நிமிஷம், 1 மணி, 8 மணி நேரம்னு வைக்கலாம். ஆனா நெட் இல்லாட்டி மேப் திறக்காது. "தம்பானூர்ல நிக்கிறேன்"னு மொட்டையா போடாம, பக்கத்துக் கடைப் பேரையும் எழுதுங்க.

4. ஃபார்வர்டை நம்பிடாதீங்க: 2018 ஏப்ரல் 16-ல எந்தக் கட்சியும் அழைக்காத ஒரு ஹர்த்தால், வாட்ஸ்அப் மூலமாவே பரவி கேரளாவுல பல ஊர்ல கடைகளை மூட வச்சுது. 'குழந்தையைக் காணோம்'னு வர்ற மெசேஜ்ல ரெட்டை அம்புக்குறி இருந்தா, அது பல கை மாறி வந்ததுன்னு அர்த்தம். குழந்தை நிஜமாவே தொலைஞ்சா பக்கத்துல இருக்கிற போலீஸ்கிட்ட ஓடுங்க, இல்லேன்னா 112.

5. ஆறு இலக்க நம்பரை யாருக்கும் சொல்லாதீங்க: உங்க மெசேஜ் உங்க போன்லயே பூட்டப்பட்டு, வாங்குறவங்க போன்லதான் திறக்கும், நடுவுல கம்பெனிகூட படிக்க முடியாது. ஆனா பதிவு பண்றப்ப எஸ்எம்எஸ்ல வர்ற நம்பரைக் கொடுத்துட்டா, கணக்கே கைமாறிடும். செட்டிங்ஸ்ல டூ-ஸ்டெப் வெரிஃபிகேஷன் பின் இப்பவே வச்சிடுங்க. போன் தொலைஞ்சா உடனே சிம்மை பிளாக் பண்ணுங்க. ஆன்லைன் மோசடியில பணம் போச்சுன்னா 1930-க்கு அடிங்க.

6. பேப்பரையும் நம்புங்க: எங்கே சந்திக்கணும்னு வீட்டுலயே பேசி வச்சுக்கோங்க. உங்க நம்பரை ஒரு சீட்டுல எழுதி, கூட வர்ற குழந்தையோட சட்டைப் பையில போட்டுடுங்க. அதுக்குச் சார்ஜும் வேண்டாம், டவரும் வேண்டாம்!