நாழிகை: சொல்லும் பொருளும்

பெரியாழ்வார் திருமொழி நான்காம் பத்து, முதல் திருமொழியின் எட்டாம் பாசுரத்தில் ‘நாழிகை’ என்னும் சொல் இருமுறை வருகிறது. ஜயத்ரதனைக் காத்து நின்ற அரசர்களைச் சொல்லுமிடம் அது. அச்சொல்லை ஆராய்ந்தால் பாசுரத்தின் சுவை மிகும்.

‘நாழி’ என்பது நெல் முதலியவற்றை அளக்கும் உட்துளையுடைய முகத்தலளவைக் கருவி. குழலைக் குறிக்கும் ‘நாடீ’, ‘நாடிகா’ என்னும் வடசொற்களே நாழி, நாழிகை என வந்தன என்பர். கருடன் ‘கலுழன்’ ஆனாற்போல டகரம் ழகரமாயிற்று. வட்டிலின் சிறுதுளையில் நீர் ஒழுகுவதைக்கொண்டு பொழுதை அளந்தமையால், கருவியின் பெயர் காலத்திற்கும் ஆயிற்று. நாளொன்றுக்கு 60 நாழிகை. ஒரு நாழிகை 24 நிமிஷம். நாழிகைக்கு 60 விநாழிகை.

நாள் என்பதோ எதனை நோக்கி எண்ணுகிறோம் என்பதைப் பொறுத்தது. ஜவ்வாது மலையிலுள்ள காவலூர் வைணு பாப்பு வானாய்வகத்தில், 2.34 மீட்டர் விட்டமுள்ள ஆடியுடைய தொலைநோக்கி 1986 முதல் இயங்குகிறது. இத்தகைய இடங்களில் ஸூர்யனைக்கொண்டு எண்ணும் நாள் மட்டும் போதாது. விண்மீனைக்கொண்டு எண்ணும் நாளும் வேண்டும். ஒரு விண்மீன் மீண்டும் உச்சிக்கு வர ஏறக்குறைய 23 மணி 56 நிமிஷமே ஆகும். வேறுபாடு சுமார் 10 விநாழிகை. ஆக, அளவுகோல் மாறினால் அளவும் மாறும்.

இனிப் பாசுரத்திற்கு வருவோம். அபிமந்யுவின் வதத்திற்குக் காரணமான ஜயத்ரதனை மறுநாள் அஸ்தமனத்திற்குள் கொல்லாவிடில் தீப்புகுவதாக அர்ஜுநன் சபதம் செய்தான். எதிர்ப்பக்கத்து அரசர்கள் நாழிகைகளைக் கூறுபடுத்தி, முறைவைத்துக் காத்தனர். பகல் 30 நாழிகையும் கழிந்தால் அர்ஜுநன் தானே அழிவான் என்பது அவர்கள் துணிவு. கண்ணபிரான் திருவாழியால் கதிரவனை மறைத்தருளினான். பொழுது போயிற்றென்று அவர்கள் மயங்க, ஜயத்ரதன் தலை உருண்டது.

அவர்கள் எண்ணுவதில் சோம்பினாரல்லர். தாங்கள் அளவுகோலாகக் கொண்ட கதிரவனும் எம்பெருமானுக்கு வசப்பட்டவன் என்பதையே அறிந்திலர். அர்ஜுநனுக்கோ நாழிகைக் கணக்கு ரக்ஷகமாகவில்லை. தேர்த்தட்டில் நின்ற ஸாரதியே ரக்ஷகனானான். நமக்கு எஞ்சிய நாழிகை எத்தனை என்று கலங்குவார்க்கு இப்பாசுரம் தரும் தேறுதல் இதுவே: காலத்தை அளப்பது நம் தொழில், அதை ஆள்வது அவன் தொழில்.

ஆழ்வார் எம்பெருமானார் ஜீயர் திருவடிகளே சரணம்.