கேம்புக்காரர்களைப் பற்றி நாம் பேசிக்கொள்வது

மரக்காணத்து உப்பளங்களைத் தாண்டிக் கிழக்குக் கடற்கரைச் சாலையில் புதுச்சேரிப் பக்கம் போனால் கீழ்புத்துப்பட்டு வரும். அய்யனார் கோயிலால் பெயர் பெற்ற ஊர். அங்கேயே இலங்கைத் தமிழர் முகாம் ஒன்றும் இருக்கிறது. அதைப் பற்றி இந்தப் பக்கத்து டீக்கடைகளில் கேட்டால் முதலில் வருகிற பதில், "கேம்புக்காரங்களுக்கு எல்லாமே சும்மா வருது" என்பதுதான்.

எவ்வளவு வருகிறது என்று கணக்குப் பார்ப்போம். 2021 ஆகஸ்டில் தமிழ்நாடு அரசு பணக்கொடையை உயர்த்தியது. குடும்பத் தலைவருக்கு மாதம் 1,500 ரூபாய், மற்ற பெரியவர்களுக்கு 1,000, பிள்ளைகளுக்கு 500. கணவன், மனைவி, இரண்டு பிள்ளைகள் என்றால் 3,500 ரூபாய். ரேஷன் அரிசி தனி. உயர்வுக்கு முன்பு இதே குடும்பத்துக்கு 2,550 ரூபாய்தான். இப்போதைய 3,500 ரூபாயிலும் குடும்பம் ஓடாது என்பதால்தான் முகாம் ஆண்கள் பெயின்ட் வேலைக்குப் போகிறார்கள்.

அந்தப் பணக்கொடைக்கு ஒரு விலையும் உண்டு. வருவாய்த் துறையினர் தணிக்கைக்கு வருகிற நாளில் பதிவில் உள்ளவர்கள் நேரில் வந்து நிற்க வேண்டும். ஆள் இல்லையென்றால் பணம் நிற்கும். தொடர்ந்து வராவிட்டால் பதிவே போய்விடும். முகாம்வாசிக்கு அந்தப் பதிவுதான் அடையாளம். எனவே கோயம்புத்தூரில் மூன்று மாத வேலை கிடைத்தாலும் இடையில் கூலியை விட்டு, பஸ் செலவு செய்து திரும்ப வேண்டும். இப்படி அடிக்கடி ஊருக்குப் போகிற ஆளுக்கு எந்த மேஸ்திரி நிலையான வேலை கொடுப்பார்?

"இங்கேயே பொறந்த புள்ளைங்க இந்தியர்தானே?" நல்ல மனதோடு கேட்கப்படும் கேள்வி இது. சட்டத்தின் பதில் பிறந்த தேதியைப் பொறுத்தது. 1955-ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டப்படி, 1987 ஜூலை 1-க்கு முன்பு இந்திய மண்ணில் பிறந்தவர், அநேகமாக யாராக இருந்தாலும், பிறப்பால் இந்தியர். அந்தத் தேதிக்குப் பிறகு பிறந்தால் தாய் தந்தையரில் ஒருவராவது இந்தியராக இருக்க வேண்டும். இந்த மாற்றத்தைக் கொண்டுவந்த 1986-ஆம் ஆண்டு மசோதாவின் நோக்க உரையில் வங்கதேசத்தோடு இலங்கையின் பெயரும் வெளிப்படையாக இருந்தது. அதாவது, 1983 இனக் கலவரத்துக்குப் பிறகு இலங்கையிலிருந்து படகேறி வந்தவர்களையும் மனதில் வைத்துத்தான் கதவு மூடப்பட்டது.

2004 டிசம்பர் 3-க்குப் பிறகு அது இன்னும் இறுகியது. பெற்றோரில் ஒருவர் இந்தியராக இருந்தாலும், மற்றவர் சட்டத்தின் பார்வையில் 'சட்டவிரோதக் குடியேறி' என்றால் பிள்ளை பிறப்பால் இந்தியராக முடியாது. உயிருக்குப் பயந்து பாஸ்போர்ட் இல்லாமல் படகில் வந்தவர்களை அந்தச் சொல்லுக்குள்தான் அரசு வைத்திருக்கிறது. மரக்காணத்துப் பையன் ஒருவன் அப்படி வந்த பெண்ணைக் கட்டிக்கொண்டால், அவர்களுக்கு இன்று பிறக்கும் குழந்தை இந்தியக் குழந்தையா என்பது வழக்காடித் தீர்க்க வேண்டிய கேள்வி. ஊர் கூடிச் சாப்பிட்ட கல்யாணம் அந்தச் சட்டத்தின் கண்ணுக்குத் தெரியாது. இதைவிடக் கொடுமையான ஒன்றை என்னால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

மாநில அரசு மனது வைத்தால் முடியும் என்று நம்புகிறவர்களும் உண்டு. முடியாது. குடியுரிமை அரசியலமைப்பின் மத்தியப் பட்டியலில் உள்ளது. தமிழ்நாடு அரசு வீடு கட்டித் தரலாம், பணக்கொடையைக் கூட்டலாம், 2021-இல் செய்ததைப்போல 'அகதிகள் முகாம்' என்ற பெயரை 'மறுவாழ்வு முகாம்' என்று மாற்றலாம். குடியுரிமை டெல்லியின் கையில் இருக்கிறது. டெல்லி 2019-இல் கொண்டுவந்த திருத்தச் சட்டம் பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் ஆகிய மூன்று நாடுகளோடு நின்றுவிட்டது. முகாமில் பெரும்பாலோர் இந்துக்களும் கிறிஸ்தவர்களுமாக இருந்தும் அவர்களுக்கு அதில் இடமில்லை.

2025 செப்டம்பரில் வந்த செய்தியும் இப்படித்தான் தப்பாகப் புரிந்துகொள்ளப்பட்டது. 2015 ஜனவரி 9 வரை இந்தியாவில் தஞ்சம் புகுந்து பதிவு செய்துகொண்ட இலங்கைத் தமிழர்களுக்கு, பாஸ்போர்ட், விசா இல்லாததற்கான தண்டனையிலிருந்து உள்துறை அமைச்சகம் விலக்கு அளித்தது. நல்ல செய்திதான், சிறைப் பயம் குறையும். ஆனால் அது குடியுரிமை தரவில்லை. அந்தத் தேதி மைத்திரிபால சிறிசேன இலங்கை அதிபராகப் பதவியேற்ற நாள். 2022-இல் பஞ்சம் தாங்காமல் தனுஷ்கோடி மணல்திட்டில் வந்து இறங்கியவர்களுக்கு இந்த விலக்கு இல்லை.

"போர் முடிஞ்சு போச்சே, ஊருக்குப் போகலாமே" என்கிறார்கள். 2009-க்குப் பிறகு ஆயிரக்கணக்கானோர் போயிருக்கிறார்கள். போகாதவர்களில் கணிசமானோர் மலையகத் தமிழர்கள். அவர்களுடைய முன்னோர் நம் மாவட்டங்களிலிருந்து தோட்ட வேலைக்குக் கொண்டுபோகப்பட்டவர்கள். 1948-இல் இலங்கை அவர்களின் குடியுரிமையைப் பறித்தது. 1964-இல் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் இலங்கைப் பிரதமர் சிறிமாவோவும் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று பங்கு பிரித்துக்கொண்டார்கள். இலங்கை பிற்காலத்தில், 2003-இலும் 2009-இலும், சட்டம் இயற்றி அந்தப் பிழையைத் திருத்தியது. ஆனால் சொந்த நிலம் ஒரு துண்டும் இல்லாதவர், காகிதத்தை மட்டும் கையில் வைத்துக்கொண்டு எந்த ஊருக்குத் திரும்புவார்?

இங்கே நிம்மதியாகத்தானே இருக்கிறார்கள் என்பவர்களுக்கு 2014 ஜூனை நினைவுபடுத்துவேன். புதுச்சேரிக் கரையிலிருந்து 157 தமிழர்கள் ஒரு படகில் ஆஸ்திரேலியாவுக்குப் புறப்பட்டார்கள். அவர்களில் சுமார் 50 பேர் குழந்தைகள். ஆஸ்திரேலிய அரசு அவர்களை நடுக்கடலில் பிடித்துக் கிட்டத்தட்ட ஒரு மாதம் கப்பலிலேயே அடைத்து வைத்தது. பிறகு நவுரு தீவுக்கு அனுப்பியது. அப்படிக் கப்பலில் அடைத்து வைத்தது செல்லும் என்று அந்நாட்டு உயர் நீதிமன்றம் 2015 ஜனவரியில் நான்குக்கு மூன்று என்ற கணக்கில் தீர்ப்பளித்தது. கடல் கடந்த எல்லோருக்கும் இதே கதி இல்லை. 1983-இல் யாழ்ப்பாணத்துச் சிறுவனாகக் கனடா போய்ச் சேர்ந்த கேரி ஆனந்தசங்கரி, 2025-இல் அந்நாட்டின் எல்லைக் காவலுக்கும் பொறுப்பான பொதுப் பாதுகாப்பு அமைச்சரானார். அதே ஆண்டுகளில் மண்டபத்தில் வந்து இறங்கிய சிறுவர்களுக்கு இன்றும் ஓட்டு இல்லை.

கடைசியாக, முகாமுக்குள்ளேயே உலவும் ஒரு நம்பிக்கை: "நமக்கு ஒண்ணும் நடக்காது." நடந்திருக்கிறது. 1986 ஏப்ரலில் மண்டபம் முகாமில் பிறந்த ஒரு பெண்ணுக்குப் பாஸ்போர்ட் மறுக்கப்பட்டது. அவர் பிறப்பால் இந்தியர் என்று 2022 ஆகஸ்டில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை நீதிபதி ஜி.ஆர். சுவாமிநாதன் தீர்ப்பளித்தார். 2024 ஏப்ரல் 19 அன்று அந்தப் பெண் திருச்சியில் ஓட்டுப் போட்டார். 1983-க்குப் பிறகு வந்து, இந்திய இலங்கை ஒப்பந்தத்தை நம்பி 1987-இல் திரும்பிப் போய், 1990-இல் மறுபடி படகேறியவர்கள் பலர். முதல் முறை வந்திருந்தபோது பிறந்த பிள்ளைகள் இன்று நாற்பதை ஒட்டிய வயதில் எந்த முகாமிலும் இருக்கலாம். 1987 ஜூலை 1-க்கு முன்பு இந்தியாவில் பிறந்தவர் உங்கள் வீட்டில் இருந்தால், பிறப்புச் சான்றிதழைத் தேடி எடுங்கள். சான்றிதழ் இல்லையென்றால் பிறந்த ஊரின் பிறப்புப் பதிவேட்டிலும் பிரசவம் நடந்த ஆஸ்பத்திரியிலும் கேளுங்கள். எடுத்துக்கொண்டு மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். அங்கே வக்கீலுக்குப் பணம் கொடுக்க வேண்டியதில்லை.