மதிப்பெண் பட்டியலுக்கு முன் அறிவிக்கையைக் கொண்டு வாருங்கள்

அரசு வேலைக்கான தேர்வில் "தகுதி இல்லை" என்று ஒதுக்கப்பட்டவர்களின் வழக்குகளைத்தான் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் பெரும்பாலும் நடத்தி வருகிறேன். வருகிறவர்கள் முதலில் எடுத்து நீட்டுவது மதிப்பெண்ணை. "கட்-ஆஃபுக்கு மேலயே இருக்கேன் சார், இருந்தும் தூக்கிட்டாங்க" என்பார்கள். நான் அறிவிக்கையின் நகலைக் கேட்பேன். பலரிடம் இருக்காது.

தகுதி வழக்கில் மதிப்பெண்ணுக்கு வேலையே இல்லை. அறிவிக்கை எந்தப் படிப்பைக் கேட்டது, எந்தத் தேதிக்குள் கேட்டது, அன்றைக்கு உங்களிடம் என்ன இருந்தது, இதைத்தான் நீதிபதி பார்ப்பார். தேதி விஷயத்தில் நீதிமன்றம் இளகுவது அபூர்வம். விண்ணப்பிக்கும் கடைசி நாளில் தகுதி இருந்தாக வேண்டும், நேர்காணலுக்குள் முடித்துவிட்டேன் என்பது செல்லாது என்று 1997-இல் அசோக்குமார் சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. டி.என்.பி.எஸ்.சி. தேர்வுகளிலோ பொதுவாக அதற்கும் முன்பே, அறிவிக்கை வெளியாகும் நாளன்றே படிப்பு முடிந்திருக்க வேண்டும்.

விருதுநகர்ப் பக்கமிருந்து ஒரு பையனும் அவன் அப்பாவும் வந்திருந்தார்கள். அறிவிக்கைக்குப் பிறகுதான் பட்டம் வாங்கியிருக்கிறான் என்று நிராகரித்திருந்தார்கள். தற்காலிகச் சான்றிதழில் இருந்த தேதியும் அப்படித்தான் காட்டியது. கடைசி செமஸ்டர் மதிப்பெண் பட்டியலை எடுக்கச் சொன்னேன். லேமினேட் செய்திருந்ததால் விளக்கு வெளிச்சத்தில் பளபளத்தது. ஜன்னல் பக்கம் சாய்த்துப் பிடித்ததும், அடியில் பொடி எழுத்தில் தேர்வு முடிவு வெளியான நாள் தெரிந்தது. அறிவிக்கைக்கு முந்தைய தேதி. "ஐயா, இது போதுமா?" என்றார் அப்பா. போதாது, பல்கலைக்கழகத் தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலரிடம் அந்தத் தேதியைக் குறிப்பிட்டுக் கடிதம் வாங்கி வரச் சொன்னேன். அந்தக் கடிதம்தான் வழக்கை ஜெயித்துக் கொடுத்தது. முடிவு வந்த நாளும் சான்றிதழ் அச்சான நாளும் வேறு வேறு. அரசு வேலைக்குப் படிக்கிற ஒவ்வொருவரும் இப்படி ஒரு கடிதத்தை இப்போதே வாங்கி வைத்துக்கொள்வது நல்லது.

மனம் கனக்கிற வழக்குகளும் உண்டு. கேட்டதைவிட அதிகம் படித்தவர்களை எப்படி ஒதுக்கலாம் என்று குமுறுவார்கள். விதியில் இடமில்லாவிட்டால் மேல்படிப்புக்குள் கீழ்ப்படிப்பும் அடங்கும் என்று எடுத்துக்கொள்ள முடியாது என்று ஜாகூர் அகமது ராதர் வழக்கில் 2018-இல் உச்ச நீதிமன்றம் தீர்த்தது. பி.எட். முடித்தவர்கள் தொடக்கப் பள்ளி ஆசிரியர் வேலைக்குத் தகுதியில்லை என்ற 2023 தீர்ப்பும் எத்தனையோ வீடுகளில் இடியாக இறங்கியது. கசப்பாக இருந்தாலும் இதன் பின்னுள்ள நியாயத்தை நான் ஏற்கிறேன். அறிவிக்கையைப் படித்துவிட்டு, இது நமக்கில்லை என்று விண்ணப்பிக்காமல் ஒதுங்கியவர்கள் இருப்பார்களே, அவர்களுக்கும் பதில் சொல்ல வேண்டும் அல்லவா?

அதற்காகத் தேர்வு நடத்துகிறவர்கள் இஷ்டத்துக்கு நடக்க முடியாது. விண்ணப்பம் வாங்கத் தொடங்கிய பிறகு, விதியோ அறிவிக்கையோ இடம் தராதபோது தகுதியை நடுவழியில் மாற்றக் கூடாது என்று 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு உறுதியாகச் சொல்லியிருக்கிறது. அப்படி நடந்திருந்தால் தயங்காமல் வாருங்கள்.

அறிவிக்கையில் உள்ள தகுதி நிபந்தனையே அநியாயம் என்று பட்டால் தேர்வு எழுதுவதற்கு முன்பே வழக்குப் போட வேண்டும். எழுதிவிட்டு, தேறாத பிறகு முறையைக் குறை சொன்னால், அப்படிச் சொல்ல முடியாது என்ற 1995-இன் மதன்லால் தீர்ப்பை எடுத்து வைப்பார்கள். மத்திய அரசு வேலை என்றால் முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குத்தான் போக வேண்டும். அங்கே பொதுவாக ஓராண்டுதான் கெடு. மனு அனுப்பியிருக்கிறோம், பதில் வரட்டும் என்று காத்திருப்பவர்கள் அந்தக் கெடுவைக் கோட்டை விடுகிறார்கள். தேர்வுப் பட்டியல் வந்துவிட்டதா? தேர்வானவர்களில் சிலரையாவது எதிர்மனுதாரர்களாகச் சேர்க்காவிட்டால் வழக்கு அந்தக் காரணத்துக்காகவே அடிபட்டுப் போகலாம்.

படிப்பின் பெயர் அறிவிக்கையில் உள்ளதோடு ஒத்துப்போகவில்லையா? இரண்டும் இணையானவை என்று அரசாணை இருக்கிறதா என்று படிக்கும்போதே தேடுங்கள். அரசாணை அறிவிக்கைக்குப் பிறகு வந்தால் அந்த முறைக்கு உதவுவது கடினம். என்னிடம் வந்த ஒரு பெண் இப்படித்தான் தோற்றார்.

தேர்வு எழுத இடைக்கால உத்தரவு கிடைத்ததுமே வேலை கிடைத்த மாதிரி இனிப்புக் கொடுக்கிறார்கள். அந்த உத்தரவால் எந்த உரிமையும் வந்துவிடாது. இறுதித் தீர்ப்பு பாதகமானால் எழுதிய தேர்வும் போய்விடும். வழக்கு முடிய வருடக்கணக்கில் ஆகலாம், வயது வரம்பு அதுவரை நிற்காது. ஆகவே கேஸ் நடக்கட்டும், நீங்கள் அடுத்த அறிவிக்கைக்கு விண்ணப்பியுங்கள். அந்தப் பெண்ணையும் அப்படித்தான் விடாமல் எழுதச் சொன்னேன். அடுத்த அறிவிக்கை வந்தபோது அரசாணை கையில் இருந்தது. சான்றிதழ் சரிபார்ப்பில் யாரும் எதுவும் கேட்கவில்லை என்று போனில் சொன்னார்.