இரண்டே ஆட்டங்களில் முடியும் இரண்டு ஆண்டுகள்

அன்புள்ள யாழினிக்கு,

கல்லூரி மலருக்காக நீ எழுதி அனுப்பிய கட்டுரையைப் படித்தேன். ஆட்டங்களைச் சொல்லியிருக்கும் விதம் நன்றாக இருக்கிறது. ஆனால் இரண்டாம் பக்கத்தில் கட்டம் கட்டிப் போட்டிருக்கிறாயே, ‘ஆப்பிரிக்காவின் 20 வயதுக்குட்பட்ட மகளிர் சாம்பியன்கள்’ என்று, அந்தப் பட்டியலை எடுத்துவிடு. 2002 முதல் வரிசையாக நைஜீரியா, நைஜீரியா என்று நிரப்பியிருக்கிறாய். இது உன் தவறு மட்டுமல்ல. வினாடி வினாப் புத்தகங்களிலும் பொது அறிவுக் கையேடுகளிலும் இதே பட்டியலைப் பார்த்துச் சலித்துப்போய்தான் இந்தக் கடிதத்தை இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

அப்படி ஒரு சாம்பியன் பட்டமே கிடையாது. 2002இல் கனடாவிலும் 2004இல் தாய்லாந்திலும் நடந்த உலகப் போட்டிகளில் (அப்போது வயது வரம்பு 19) ஆப்பிரிக்காவுக்கு ஒரே ஓர் இடம்தான். கடைசிச் சுற்றில் வென்ற அணியைக் கண்டத்தின் முதல் அணி என்று அன்றைக்குச் சொல்ல முடிந்தது. 2006இல் ரஷ்யாவில் நடந்தபோது இடம் இரண்டானது. நைஜீரியாவும் காங்கோ ஜனநாயகக் குடியரசும் போயின. அந்த இரண்டில் எது பெரிது என்று பார்க்க யாரும் இன்னோர் ஆட்டம் வைக்கவில்லை. அது முதல் இதே வழக்கம்தான். கடைசிச் சுற்றில் ஒவ்வொரு ஜோடியிலும் வெல்லும் அணி உலகக் கோப்பைக்கு விமானம் ஏறும், அத்தோடு சரி. 2024இல் கொலம்பியாவில் அணிகள் 24 ஆனபோது நைஜீரியா, கானா, கேமரூன், மொராக்கோ என்று நான்கு அணிகள் போயின. தகுதிச் சுற்றில் இந்த நான்கும் ஒன்றையொன்று சந்திக்கவே இல்லை. பிறகு எங்கிருந்து வந்தார் சாம்பியன்?

பையன்களுக்கு 17 வயதுக்குட்பட்டோர், 20 வயதுக்குட்பட்டோர் ஆப்பிரிக்கக் கோப்பைகள் உண்டு. போட்டியை நடத்தும் நாடு, பிரிவு ஆட்டங்கள், அரையிறுதி, இறுதி, கையில் தூக்கிப் பிடிக்க ஒரு கோப்பை எல்லாம் உண்டு. நான் சொல்லும் இந்த ஆண்டுகள் நெடுகிலும் பெண்களுக்குக் கிடைத்தது சொந்த மண்ணில் ஒன்று, எதிரணி மண்ணில் ஒன்று என்று ஜோடி ஜோடியாக ஆடும் நாக் அவுட் சுற்றுகள் மட்டும்தான். ‘ஆப்பிரிக்க விளையாட்டுகளில் பதக்கம் தருகிறார்களே’ என்று நீ கேட்பாய் என்று தெரியும். உண்மைதான். 2019இல் ரபாத்திலும் 2024 மார்ச்சில் கானாவிலும் மகளிர் கால்பந்தை 20 வயதுக்குட்பட்ட அணிகளே ஆடின. முதல் முறை நைஜீரியாவுக்குத் தங்கம். இரண்டாம் முறை கூடுதல் நேரத்தில் நைஜீரியாவை 2-1 என்று வீழ்த்தி கானா தங்கம் வென்றது. ஆனால் அது தனிப் போட்டி. உன் பட்டியலில் அந்த ஆண்டுகளே இல்லை.

நைஜீரியாவின் பெருமையைக் குறைக்கச் சொல்கிறேன் என்று நினைத்துவிடாதே. 2002 முதல் 2024 வரை நடந்த பதினோரு 20 வயதுக்குட்பட்ட உலகப் போட்டிகளிலும் ஆடிய ஒரே ஆப்பிரிக்க அணி அவர்களுடையது. 2010, 2014 இரண்டிலும் இறுதிவரை போய் ஜெர்மனியிடம் தோற்றார்கள். 2014இல் அசிசாட் ஓஷோலா ஏழு கோல்கள் அடித்துத் தங்கக் காலணியும் தங்கப் பந்தும் பெற்றார். எழுத இவ்வளவு இருக்கும்போது இல்லாத பட்டம் எதற்கு?

இனி நான் உண்மையில் சொல்ல வந்ததைச் சொல்கிறேன். இந்த ஏற்பாடு எப்படி வேலை செய்கிறது என்று புரிந்துகொள்ள 2022 மே, ஜூன் மாதங்களை எடுத்துக்கொள். 17 வயதுக்குட்பட்ட மகளிர் உலகக் கோப்பை அந்த அக்டோபரில் இந்தியாவில் நடக்கவிருந்தது. ஆப்பிரிக்காவுக்கு மூன்று இடங்கள். கடைசிச் சுற்றில் மூன்று ஜோடிகள். கானா தன் மண்ணில் மொராக்கோவை 2-0 என்று வென்றது. மொராக்கோ தன் மண்ணில் அதே 2-0 கணக்கைத் திருப்பிக் கொடுத்து, பெனால்டி ஷூட் அவுட்டில் முன்னேறியது. 2008இல் தொடங்கிய இந்த உலகக் கோப்பையில் அதுவரை ஒருமுறைகூடத் தவறாத கானா, 2012இல் வெண்கலம் வென்ற கானா, வெளியே நின்றது. யாவுண்டேயில் கேமரூனை 4-1 என்று சாய்த்த தான்சானியா தன் மண்ணிலும் 1-0 என்று வென்று, எந்த வயதுப் பிரிவிலும் தன் நாட்டின் முதல் ஃபிஃபா உலகக் கோப்பைக்குள் நுழைந்தது.

மூன்றாவது ஜோடி எத்தியோப்பியாவும் நைஜீரியாவும். இதை நான் எத்தனை பேரிடம் சொல்லியிருக்கிறேன் என்று கணக்கில்லை. உனக்கும் சொல்கிறேன். முதல் ஆட்டம் அடிஸ் அபாபாவில், அபேபே பிகிலா ஸ்டேடியத்தில். கடல் மட்டத்திலிருந்து இரண்டாயிரத்து முந்நூறு மீட்டருக்கும் மேலே இருக்கும் ஊர் அது. தாழ்ந்த நிலத்திலிருந்து போகிறவர்களுக்கு இரண்டாம் பாதியில் மூச்சு வாங்கும். ஸ்டேடியத்தின் பெயருக்குரிய அபேபே பிகிலாவைப் பற்றி நீ தனியாகப் படிக்க வேண்டும். 1960இல் ரோம் நகரத் தெருக்களில் வெறுங்காலோடு மாரத்தான் ஓடித் தங்கம் வென்றவர். பேரரசரின் மெய்க்காவல் படை வீரர். குடல்வால் அறுவை நடந்து சில வாரங்களே ஆகியிருந்த நிலையில் 1964இல் டோக்கியோவுக்குப் போய் மறுபடி வென்றார். பிறகு கார் விபத்தில் கால்கள் செயலிழந்தன. 1973இல் இறந்தபோது அவருக்கு வயது நாற்பத்தொன்று. அவரைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் தேடிப் படித்த காலத்தில்தான் எனக்கு எத்தியோப்பிய விளையாட்டின் மேல் பிடிப்பு ஏற்பட்டது. அந்தப் பிடிப்பு இன்னும் விடவில்லை.

அந்த ஸ்டேடியத்தில் ஆட்டம் 1-1 என்று முடிந்தது. இரண்டு வாரம் கழித்து அபுஜாவில் 0-0. எத்தியோப்பியப் பெண்கள் நைஜீரியாவிடம் தோற்கவில்லை. அபுஜா போய், அந்தக் கூட்டத்தின் நடுவே ஒரு கோலும் விடாமல் தொண்ணூறு நிமிடமும் நின்றார்கள். ஆனாலும் வெளியேறினார்கள். காரணம், நைஜீரியாவின் ஒரு கோல் எதிரணி மண்ணில் அடித்தது. மொத்தக் கணக்கு சமமானால் அந்தக் கோலுக்கு மதிப்பு அதிகம் என்கிறது விதி.

அந்த நைஜீரிய அணி இந்தியாவில் என்ன செய்தது தெரியுமா? காலிறுதியில் அமெரிக்காவைப் பெனால்டியில் வென்றது. அரையிறுதியில் கொலம்பியாவிடம் பெனால்டியில்தான் தோற்றது. நவி மும்பையில் மூன்றாம் இடத்துக்கான ஆட்டத்தில் ஜெர்மனியோடு 3-3 என்று ஆடி, அதையும் பெனால்டியில் வென்று வெண்கலம் பெற்றது. இரண்டு ஆட்டங்களில் அந்த அணியால் வெல்ல முடியாத எத்தியோப்பியப் பெண்கள் அப்போது வீட்டில் இருந்தார்கள். அவர்களும் உலகக் கோப்பையில் பதக்கம் வாங்கியிருப்பார்கள் என்று நான் சொல்லவில்லை. அவர்கள் எவ்வளவு தூரம் போயிருப்பார்கள் என்பதைக் கண்டறிய இந்த ஏற்பாட்டில் வழியே இல்லை என்கிறேன். நான்கு அணிகளை ஒரு பிரிவில் போட்டு மூன்று ஆட்டம் ஆடவைத்தால் ஓரளவு தெரியும். இரண்டு ஆட்டத்தில் எதுவும் தெரியாது. அந்த இரண்டையும் இப்படியொரு விதி முடித்து வைத்தால் அறவே தெரியாது.

இந்த அவே கோல் விதியை ஐரோப்பிய சம்மேளனம் 2021லேயே கைவிட்டுவிட்டது. ஆப்பிரிக்காவில் அதை வைத்திருப்பது இன்னும் பொருத்தமற்றது. தரச்சான்று பெற்ற மைதானம் இல்லாத நாடுகள் தங்கள் ‘சொந்த மண்’ ஆட்டத்தை வேறொரு நாட்டில் ஆட வேண்டியிருக்கிறது. 2024இல் 17 வயதுக்குட்பட்டோர் தகுதிச் சுற்றில் புருண்டி தன் ‘சொந்த மண்’ ஆட்டத்தில் கென்யாவைச் சந்தித்தது அதே அபேபே பிகிலா ஸ்டேடியத்தில்தான். அங்கே எது சொந்த மண், எது எதிரணி மண்? இரண்டு அணிக்குமே அது வெளிநாடு. அப்படிப்பட்ட ஆட்டத்தில் விழும் கோலுக்குக் கூடுதல் மதிப்புக் கொடுப்பதற்கு எந்த நியாயமும் இல்லை.

இதையெல்லாம்விட என்னை வருத்துவது நூற்றெண்பது நிமிடக் கணக்கு. முதல் சுற்றிலேயே தோற்கும் நாட்டின் பதினாறு வயதுப் பெண்ணை நினைத்துப் பார். முகாமுக்கு அழைக்கிறார்கள். பக்கத்து நாட்டுக்கே மூன்றாவது நாட்டு விமான நிலையம் வழியாகச் சுற்றிப் போகிறாள். இரண்டு ஆட்டம். தோல்வி. 2024 வரை, அடுத்த தகுதிச் சுற்று வர இரண்டு ஆண்டு ஆனது. அதற்குள் அவள் வயது வரம்பைத் தாண்டியிருப்பாள். எதிரணி கடைசி நேரத்தில் விலகிவிட்டால் ஆடாமலேயே அடுத்த சுற்றுக்குப் போய், அங்கே வலுவான அணியிடம் தோற்பாள். அப்போதும் அவளுக்கு அதே இரண்டு ஆட்டம்தான். இந்தச் சுற்றுகளில் விலகல்கள் அடிக்கடி நடக்கின்றன. பயணச் செலவு என்று வந்தால் பல சங்கங்கள் முதலில் கைவைப்பது பெண்கள் அணியின் பணத்தில்தான். இதைப் பற்றி ஒரு பத்திகூட எழுதாமல் ‘ஆப்பிரிக்காவில் நைஜீரியாவை விட்டால் யார்’ என்று எழுதுகிறவர்களை என்னால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை.

இதற்கு மருந்து வட்டார மட்டத்தில் இருக்கிறது என்பது என் நெடுநாள் கருத்து. ஆப்பிரிக்காவின் தென் வட்டாரத்துக்கு கோசாஃபா என்ற அமைப்பு இருக்கிறது. 2019இல் அது 17 வயதுக்குட்பட்ட பெண்களுக்கு ஒரு போட்டி தொடங்கியது. மொரிஷியஸில் நடந்த அந்த முதல் போட்டிக்கு விருந்தினராக வந்த உகாண்டா கோப்பையை வென்றது. அடுத்து 2020 உலகக் கோப்பைக்கான தகுதிச் சுற்றில் உகாண்டா கடைசிச் சுற்று வரை வந்துவிட்டது. 2020 நவம்பரில் கோசாஃபாவின் இரண்டாவது போட்டி. இம்முறை விருந்தினராக வந்து வென்றது தான்சானியா. பதினெட்டு மாதம் கழித்து யாவுண்டேயில் கேமரூனை 4-1 என்று வென்றது யார் என்று மேலே பார்த்தாய். இந்தியாவிலும் அவர்கள் பிரான்ஸை 2-1 என்று வென்று காலிறுதி வரை போனார்கள். இரண்டு உதாரணத்தை வைத்துக் கொள்கை வகுக்கலாமா என்று நீ கேட்கலாம். கேள். ஒரே வாரத்தில் மூன்று நான்கு ஆட்டம் ஆடிய பெண்ணுக்கும், ஆண்டு முழுக்கப் பயிற்சி மட்டும் செய்த பெண்ணுக்கும் நெருக்கடியான ஆட்டத்தில் என்ன வேறுபாடு தெரியும் என்று எந்தப் பயிற்சியாளரிடமும் கேட்டுப்பார். நான் சொல்வதைத்தான் சொல்வார்.

உகாண்டாவின் கதை முடியவில்லை. கேமரூனோடு ஆட வேண்டிய அந்தக் கடைசிச் சுற்று பெருந்தொற்றால் தள்ளிப்போனது. 2020 நவம்பரில் உலகக் கோப்பையே ரத்தானது. 2022 போட்டி இந்தியாவுக்கே கிடைத்தது என்று இங்கே மகிழ்ந்தோம். ஆனால் 2020 போட்டிக்கு 2003 ஜனவரி முதல் பிறந்தவர்கள் ஆடலாம், 2022 போட்டிக்கு 2005 ஜனவரி முதல் பிறந்தவர்கள்தான் ஆடலாம். இடையில் பிறந்த பெண்களுக்கு மீதமிருந்தது 20 வயதுக்குட்பட்ட பிரிவு. அதில் 2022இல் ஆப்பிரிக்காவுக்கு இரண்டே இடம். நைஜீரியாவும் கானாவும் எடுத்துக்கொண்டன. போட்டியைத் தள்ளிவைக்கிறோம், ரத்து செய்கிறோம் என்று அறிவிக்கிறபோது ஒரு பிறந்த ஆண்டைச் சேர்ந்த எல்லாரையும் வெளியேற்றுகிறோம் என்று அதற்குப் பொருள். இதை உன் கட்டுரையில் ஒரு வரியாவது எழுது.

வயதைப் பற்றி இன்னொன்று. ‘இந்தப் பெண்களெல்லாம் வயதைக் குறைத்துக் காட்டுகிறவர்கள்’ என்று உன் வரைவில் போகிற போக்கில் ஒரு வாக்கியம் வருகிறது. யாரோ சொன்னதை எழுதியிருப்பாய். பையன்களின் 17 வயதுப் போட்டியில் 2009 முதல் மணிக்கட்டை எம்.ஆர்.ஐ. எடுத்துப் பார்க்கிறார்கள். பெண்களுக்கு மணிக்கட்டு எலும்பு முன்னதாகவே கூடிவிடுவதால் அந்த முறை பயன்படாது. சரிபார்க்கும் வழி இல்லாத இடத்தில் ஒரு கண்டத்தின் பெண்கள் எல்லாரையும் சந்தேகிக்கும் வாக்கியத்தை எழுதக் கூடாது. அதை அடித்துவிடு.

சில மாற்றங்கள் வந்திருக்கின்றன. 2025 முதல் 2029 வரை 17 வயதுக்குட்பட்ட மகளிர் உலகக் கோப்பை ஆண்டுதோறும் மொராக்கோவில். 24 அணிகள். 2025இல் போட்டியை நடத்தும் மொராக்கோவோடு நைஜீரியா, கேமரூன், ஐவரி கோஸ்ட், ஜாம்பியா என்று ஐந்து ஆப்பிரிக்க அணிகள் ஆடின. ஆண்டுதோறும் நடப்பதால் ஒரு பிறந்த ஆண்டுக்காரர்கள் முற்றாக விடுபடும் ஆபத்து குறைகிறது. அதை நான் மனதார வரவேற்கிறேன். ஆனால் முதல் சுற்றில் தோற்றவளுக்கு அப்போதும் நூற்றெண்பது நிமிடம்தான். உலகக் கோப்பையில் இடங்களைக் கூட்டுவது வேறு, தகுதிச் சுற்றில் ஆட்டங்களைக் கூட்டுவது வேறு.

பட்டியலை எடுத்த இடத்தில் என்ன போடுவது என்று யோசிப்பாய். கென்யாவைப் போடு. 2024இல் எத்தியோப்பியாவையும் பிறகு புருண்டியையும் கடந்து 17 வயதுக்குட்பட்டோர் உலகக் கோப்பை ஆட டொமினிக்கன் குடியரசுக்குப் போனார்கள். ஆணோ பெண்ணோ, எந்த வயதிலும், கென்யாவின் முதல் ஃபிஃபா உலகக் கோப்பை அது. இங்கிலாந்திடமும் வட கொரியாவிடமும் தோற்ற பிறகு மெக்சிகோவை 2-1 என்று வென்றார்கள். அந்த ஆட்டங்களைப் பார்த்துவிட்டு, தகுதிச் சுற்றின் ஒவ்வொரு ஆட்டமும் எந்த ஊரில் நடந்தது என்பதையும் சேர்த்து எழுது. திருத்திய வரைவை அச்சுக்கு அனுப்பும் முன் எனக்கு ஒருமுறை காட்டு.

அன்புடன்,
உன் ஆசிரியர்