கட்டுவிரியனா, வெள்ளிக்கோல் வரையனா?

இரவு நேரம். சுவரோரமாக, உடலில் வெள்ளைப் பட்டைகளுடன் ஒரு பாம்பு நெளிகிறது. "கட்டுவிரியன்!" என்று ஒருவர் கூவுகிறார். மறு நிமிடம் தடி விழுகிறது. மாணவ நண்பர்களே, இக்காட்சியை உங்களில் பலர் கண்டிருப்பீர்கள். அடிபட்டது கட்டுவிரியன்தானா? நஞ்சில்லாத வெள்ளிக்கோல் வரையனாகவும் இருக்கலாம் அல்லவா?

இயற்பியல் சொல்லித் தருபவனுக்குப் பாம்பிடம் என்ன வேலை என்று கேட்கிறீர்களா? ஆய்வுக்கூடத்தில் ஒரே ஓர் அளவீட்டை வைத்து முடிவு எழுதும் மாணவனுக்கு நான் மதிப்பெண் தருவதில்லை. பாம்பை அடையாளம் காண்பதற்கும் அதே விதிதான். 'பட்டை இருக்கிறது' என்பது ஒரே ஓர் அளவீடு. இன்னும் சில வேண்டும்.

பட்டை எங்கே தெளிவாக இருக்கிறது?

கட்டுவிரியனின் நிறம் பளபளக்கும் கறுப்பு, அல்லது நீலம் கலந்த கறுப்பு. பட்டைகள் மெல்லியவை, பெரும்பாலும் இரண்டிரண்டாக அமைந்திருக்கும். கழுத்தருகே அவை மங்கியோ இல்லாமலோ இருக்கும். வால் பக்கம் போகப் போகத் தெளிவாகும். வெள்ளிக்கோல் வரையனில் இது நேர்மாறு. பழுப்பு உடலில் கழுத்தருகே பட்டை அகன்று தெளிவாக இருக்கும். வாலை நோக்கி மங்கி மறையும்.

முதுகின் நடுவரிசைச் செதில்கள் மற்றோர் அடையாளம். கட்டுவிரியனில் இவை பக்கத்துச் செதில்களைவிடப் பெரியவை, அறுகோண வடிவானவை. வரையனில் அவ்வாறு இல்லை.

பழக்கமும் உதவும். இரண்டுமே இரவில் நடமாடுபவை. ஆனால் வரையன் சுவரில் நன்றாக ஏறும், பல்லிகளைத் தின்னும். கட்டுவிரியன் பெரும்பாலும் தரையிலேயே திரியும். எலிகளையும் பிற பாம்புகளையும் உண்ணும்.

தவறு நேர்ந்தால்?

இவ்வளவும் தெரிந்தபின் பாம்பைக் கையில் எடுத்துப் பார்க்கலாமா? கூடவே கூடாது! கட்டுவிரியன் குட்டிகளில் கழுத்தருகிலும் பட்டை தெளிவாக இருப்பதுண்டு. வரையனைக் கட்டுவிரியன் என்று எண்ணினால் ஒரு பாம்பு சாகும். கட்டுவிரியனை வரையன் என்று எண்ணினால் ஒரு மனிதர் சாகலாம். இரண்டு தவறுகளும் ஒரே எடையுள்ளவை அல்ல.

கட்டுவிரியன் கடித்த இடத்தில் வலியோ வீக்கமோ அநேகமாக இராது. தரையில் உறங்குபவர் கடிபட்டதையே அறியாமல் இருக்கக்கூடும். பின்னர் இமைகள் சரியும். மூச்சுத் தசைகள் செயலிழக்கும். ஆகவே ஐயம் எழுந்தாலே மருத்துவமனைக்கு விரைய வேண்டும். கீறுவது, உறிஞ்சுவது, இறுகக் கட்டுவது எதுவும் வேண்டாம். கடிபட்ட உறுப்பை அசைக்காமல் வைத்தால் போதும். பாம்பைப் பிடித்துச் செல்லவும் தேவையில்லை. நம் நாட்டு நச்சுமுறி மருந்து நல்லபாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கின் நஞ்சுக்கும் பொதுவானது.

2000 முதல் 2019 வரை இந்தியாவில் பாம்புக்கடியால் சுமார் 12 லட்சம் பேர் இறந்ததாக ஓர் ஆய்வு மதிப்பிட்டுள்ளது. கட்டிலில் உறங்குவதும், கொசுவலையைப் பாய்க்கடியில் செருகிக்கொள்வதும் எளிய காப்பு.

ஒரு நோட்டுப் புத்தகத்தில் நிறம், பட்டை, இடம், நேரம் என நான்கு கட்டங்கள் வரையுங்கள். பாம்பைக் கண்டால் எட்ட நின்று பார்த்ததை மட்டும் குறியுங்கள். பெயர் உறுதிப்படவில்லையா? அந்த இடத்தில் கேள்விக்குறி இடுங்கள். அதுவும் நல்ல விஞ்ஞானமே!