சாக்லெட் ஊற்றும் பொரி உருண்டைப் பாகும்

திருமண வரவேற்புகளில் இப்போது சில இடங்களில் சாக்லெட் ஊற்று வைக்கிறார்கள். நடுக்குழாயில் சுழலும் திருகு, உருகிய சாக்லெட்டை மேலே ஏற்றுகிறது. அது தட்டுத் தட்டாகத் திரைபோல வழிகிறது. விருந்தினர்கள் அதில் பழத்துண்டை நனைத்து உண்கிறார்கள். தஞ்சைப் பக்கத்து மாணவருக்கு ஓர் ஐயம் எழலாம்: கார்த்திகைக்குப் பொரி உருண்டை பிடிக்கிறோமே, அந்த வெல்லப் பாகை இதில் ஊற்றினால் என்ன?

ஊற்றக் கூடாது. காரணத்தை அடுப்படியிலேயே காணலாம். வெல்லக் கரைசலைக் காய்ச்சும்போது நீர் ஆவியாகிறது. கரைசல் செறியச் செறிய அதன் கொதிநிலை 100 டிகிரி செல்சியசைத் தாண்டி உயர்கிறது. பாகில் ஒரு சொட்டைத் தண்ணீரில் விட்டு, உருட்டித் தட்டில் போட்டால் ‘டங்’கென்று கேட்க வேண்டும் என்பார் பாட்டி. அப்போது வெப்பநிலை ஏறக்குறைய 120 டிகிரியைக் கடந்திருக்கும். வெப்பமானி இல்லாத வீட்டில் இதைவிட நல்ல சோதனை எது? ஆறியதும் அந்தப் பாகு இறுகிப் பொரிகளைப் பிணைக்கிறது. ஊற்றில் அது இறுகாமல் ஓட, கொதிக்கும் சூட்டிலேயே வைத்திருக்க வேண்டும். விரல் பட்டால் கொப்புளம்தான். இளம்பதமாக விட்டாலோ, பழத்தில் நிற்காமல் வழிந்துவிடும்.

சாக்லெட் வேறு வகை. அதில் நீர் மிகமிகக் குறைவு. கொக்கோ வெண்ணெய் என்ற கொழுப்பினுள் சர்க்கரை, கொக்கோ ஆகியவற்றின் நுண்துகள்கள் கரையாமல் பரவியிருக்கின்றன. நன்கு பதப்படுத்திய சாக்லெட்டில் அக்கொழுப்பு சுமார் 34 டிகிரியில் உருகும். சித்திரை வெயிலில் சட்டைப்பையில் வைத்த சாக்லெட்டின் கதி உங்களுக்குத் தெரியுமே! ஆகவே 40 டிகிரிச் சூட்டிலேயே ஊற்று ஓடும். திரை அறுபடாமல் வழிவது பாகுநிலையைப் பொறுத்தது. (இயற்பியலின் இச்சொல்லே பாகிலிருந்து வந்ததுதான்.) அதனால் கொக்கோ வெண்ணெய் மிகுந்த சாக்லெட்டைத் தேர்ந்தெடுக்கிறார்கள்; கெட்டியாக இருந்தால் மணமற்ற சமையல் எண்ணெய் சிறிது கலக்கிறார்கள்.

எண்ணெய்க்குப் பதில் தண்ணீர் கலந்தால்? சில துளிகளே போதும், சாக்லெட் மண்போல் திரண்டுவிடும். நீர் கொழுப்போடு சேராது. சர்க்கரைத் துகள்களின் மேற்பரப்பை ஈரமாக்கி அவற்றை ஒன்றோடொன்று ஒட்டவைக்கிறது. எனவே உருக்கும் பாத்திரத்தை வெந்நீரின் ஆவிக்கு மேலே, நீர் தெறிக்காமல் வைக்க வேண்டும். நேரடித் தீயில் வைத்தால் கருகும். பழங்களையும் ஈரம் போகத் துடைக்க வேண்டும்.

இதை நீங்களே சோதிக்கலாம். பொடித்த சர்க்கரையை எண்ணெயில் குழைத்து, வழியும் பதத்துக்குக் கொண்டுவாருங்கள். இரண்டு சொட்டுத் தண்ணீர் விட்டுக் கலக்குங்கள். கரண்டி நகர மறுக்கும்.